பதினேழு விநாடி

எங்கள் பக்கத்தில் இந்தோனேசியப் பாட்டுக் கேட்கிற ஒரே ஆள் நான்தான். இதைப் பெருமைக்குச் சொல்லவில்லை. பெருமைப்பட இதில் ஒன்றும் கிடையாது. அக்கம்பக்கத்தில் என்னை "இந்தோனேசியாக்காரி" என்றுதான் சொல்வார்கள், எனக்குக் கேட்காது என்ற நினைப்பில். கேட்கும். யாழ்ப்பாணத்தில் வளவுக்கு வளவு மதில் இருந்தாலும் வாய்க்கு மதில் இல்லை.

கொக்குவிலில் ரயில் பாதைக்குக் கிட்ட உள்ள ஒரு ஸ்டூடியோவில் வீடியோ எடிட்டிங் செய்கிறேன். கல்யாணவீடு, பெண்பிள்ளை பெரியவளாகிற சாமத்தியவீடு, செத்தவீடு மூன்றும் என் மேசைக்குத்தான் வரும். லண்டனிலிருந்து வந்த சித்தப்பா வெட்டுப்படாமல் நிற்கிறாரா, கோபித்துக்கொண்டு போன பெரியம்மாவை எந்த இடத்தில் வெட்டவேண்டும் என்பதெல்லாம் எனக்கு அத்துப்படி. எவ்வளவு கூட்டத்திலும் ஒரு முகத்தை ஒரு தரம் பார்த்தால் மறக்கமாட்டேன் என்று முதலாளியே சொல்வார். அந்தத் திறமைதான் என்னைக் கெடுத்தது.

என் கணவர் மயிலிட்டிக் கடற்றொழில் குடும்பத்துப் பிள்ளை. போரில் ஊரை விட்டு எழும்பி, வாடகை வீடுகளில் வளர்ந்து, மற்றவர்களின் கரையில் மற்றவர்களின் வள்ளத்தில் கூலிக்குப் போனவர். கல்யாணம் முடித்து மூன்றாம் வருடம், எங்களுக்குப் பிள்ளையும் இல்லாத நிலையில், அவுஸ்திரேலியாவுக்கென்று வெளிக்கிட்டார். இந்தோனேசியா வரை விமானம், அதற்குப் பிறகு கப்பல் என்றார்கள். கப்பல் என்றால் பழைய மீன்பிடிப் படகு என்பது கடலில் வளர்ந்தவருக்குத் தெரியாமலா இருந்திருக்கும்? தெரிந்துதான் போனார். நான் மறித்தேன் என்று எல்லாருக்கும் சொல்லியிருக்கிறேன். மறித்த வாயோடு நகையையும் கழற்றிக் கொடுத்தேன், அதையும் சொல்லவேண்டும்.

இரண்டு மாதம் அங்கே ஒரு வீட்டில் அடைந்து கிடந்தார்கள். கடைசியாக ஒரு ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் போன் எடுத்தார். பின்னால் ஒரே சத்தம்.

"இஞ்சேரும், கேக்குதே? பக்கத்து வீட்டிலை கலியாணம். ஸ்பீக்கர் பெட்டியைப் பாத்தீரெண்டால், எங்கடை அம்மன் கோயில் திருவிழா தோத்துப்போம்."

"உது என்ன பாட்டு? தபேலா மாதிரிக் கிடக்கு."

"ஆருக்குத் தெரியும்? ரெண்டு மாசமா உதைத்தான் கேக்கிறம். ஒரு சொல்லும் விளங்காது. ஆனா கால் தானாய் ஆடுது." சொல்லிவிட்டுப் போனை யன்னலுக்கு வெளியே பிடித்தார். ஒரு நிமிடம் இருக்கும். எனக்குக் கோபம் வந்துவிட்டது.

"பாட்டுக் கேக்கவே போன் எடுத்தனீங்கள்? எப்ப ஏறுறியள்? அதைச் சொல்லுங்கோ."

"நாளைக்கோ நாளையிண்டைக்கோ. ஏறினால் போன் இராது. பயப்பிடாதையும்."

அதோடு சரி. ஏஜென்ட்டின் போன் முதலில் அடித்தது, பிறகு அடிக்கவில்லை. ஒருவன் படகு கரை சேர்ந்துவிட்டது என்றான். ஒருவன் ஏதோ தீவில் பிடித்து வைத்திருக்கிறார்கள் என்றான். அலுவலகங்களில் படிவம் கொடுத்தார்கள், நிரப்பினேன். அடுத்த வருடம் அதே படிவத்தைத் திரும்பவும் கொடுத்தார்கள். உயிரோடு இருக்கிறாரா இல்லையா, எனக்கு வேண்டியது அந்த ஒரு சொல்தான். அதைச் சொல்ல இந்த உலகத்தில் ஒருவரும் இல்லை.

என்னிடம் மிஞ்சியிருந்தது யன்னலுக்கு வெளியே கேட்ட அந்த ஒரு நிமிடம். அந்தப் பாட்டைக் கண்டுபிடித்தால் அந்த ஊரைக் கண்டுபிடிக்கலாம், அந்தக் கல்யாணவீட்டைக் கண்டுபிடிக்கலாம் என்று நினைத்தேன். விசர் நினைப்புத்தான். ஸ்டூடியோவில் மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் இணையத்தில் தேடத் தொடங்கினேன். அப்படித்தான் டங்டுட் எனக்குள் வந்தது.

டங்டுட் என்பது அவர்களுடைய சனங்களின் பாட்டு. பழைய ஹிந்திப் படப் பாட்டைக் கொண்டுபோய் அங்கத்தைய மேளத்தோடும் புல்லாங்குழலோடும் கிற்றாரோடும் போட்டுக் குலுக்கியது. மேளத்தின் சத்தமே டங், டுட் என்றுதான் இருக்கும். ஊர் வெளியில் மேடை கட்டி, மலைபோல் ஸ்பீக்கர் அடுக்கி, மினுங்குகிற உடுப்போடு ஒரு பெண் பாடுவாள். கூட்டத்திலிருந்து ஆண்கள் ஏறிப்போய் அவளோடு ஆடி, ஒவ்வொரு தாளாகக் காசை நீட்டுவார்கள். முதலில் எனக்கு அருவருப்பாக இருந்தது. பிறகு பழகிவிட்டது. அதற்கும் பிறகு, வெட்கத்தை விட்டுச் சொன்னால், பிடித்துப்போனது. துள்ளிக் குதித்து ஆடுகிற பாட்டில்கூட அவர்கள் அழுகிறார்கள். விட்டுப்போன புருஷன், திரும்பி வராத கப்பல், வேலைக்கென்று கடல் கடந்தவன். கப்பலுக்கு அவர்களும் கப்பல் என்றுதான் சொல்கிறார்கள்.

பாட்டிலிருந்து படத்துக்குப் போனேன், படத்திலிருந்து தொலைக்காட்சி நாடகத்துக்கு. ஏழெட்டு வருடத்தில் ஒரு மொழியே ஓரளவு விளங்கத் தொடங்கிவிட்டது. எல்லாம் கிடைத்தது, அந்தப் பாட்டு மட்டும் கிடைக்கவில்லை. இன்றுவரை கிடைக்கவில்லை. இப்போது அதைக் கேட்டாலும் இதுதான் அது என்று சொல்வேனா என்பதே சந்தேகம்.

ஆமி பிடித்து வைத்திருந்த மயிலிட்டிக் காணி விடுபட்டதும் மாமி, அவருடைய தாய், அங்கேதான் சாவேன் என்று பிடிவாதம் பிடித்தார். வீட்டுத்திட்டத்தில் கிடைத்த இரண்டு அறை வீட்டுக்கு நானும் கூடப் போனேன். வேலைக்குத் தினமும் பஸ். பின்னேரங்களில் மாமியும் என் பக்கத்தில் இருந்து அந்த நாடகங்களைப் பார்ப்பார். மொழி தேவையில்லை. ஏழை மருமகள், பொல்லாத மாமி, முகத்தை நெருக்கிக் காட்டும்போது இடி விழுகிற சத்தம்.

"எங்கடை நாடகம் மாதிரித்தான். சீலை மட்டும் வேறை," என்பார். "உவளைப் பார், மருமோளை என்ன பாடு படுத்துறாள்." என்னைப் படுத்திய பாட்டையெல்லாம் அப்போது மறந்துவிடுவார்.

பேய்ப் படங்களும் பார்ப்போம். அங்கே ஒரு பேய் உண்டு. சவத்துக்குச் சுற்றிய வெள்ளைத் துணியின் முடிச்சுகளை அவிழ்க்காமல் புதைத்துவிட்டால், போகவேண்டிய இடத்துக்குப் போகமுடியாமல் அது துணியோடு துள்ளித் துள்ளி வரும். முடிச்சை அவிழ்த்துவிடச் சொல்லி வீட்டு வாசலில் நிற்கும். ஆட்கள் கத்திக்கொண்டு ஓடுவார்கள். மாமிக்கு அதில் பயமே வரவில்லை.

"பாவம், என்னத்துக்கு ஓடுறாங்கள்? ஆராவது ஒருத்தன் நிண்டு அவிழ்த்து விட்டால் அது தன்ரை பாட்டுக்குப் போயிடும்."

ஒன்பதாம் வருடம் என் கணவரின் தமையன் வந்து, இனிப் பொறுக்கமுடியாது என்றார். தம்பி ஆவியாய் அலையக்கூடாது, ஐயரிடம் கேட்டுவிட்டேன், உடல் இல்லாவிட்டால் தர்ப்பையால் உருவம் செய்து அதை அவனாக நினைத்துக் கொளுத்தலாம், கீரிமலைத் தீர்த்தக் கரையில் மற்றதெல்லாம் செய்யலாம் என்றார். நாளும் பார்த்துவிட்டார். மாமி சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்தார். சாப்பிடவும் இல்லை. நான் ஓம் என்றும் சொல்லவில்லை, இல்லை என்றும் சொல்லவில்லை. உள்ளுக்குள் ஓம் என்று இருந்தேன். களைத்துப்போய்விட்டேன்.

குறித்த நாளுக்கு நாலு நாள் இருக்கும்போது இணையத்தில் அந்த வீடியோ வந்தது. சுமத்ராவில் ஏதோ கல்யாண மேடை. ஒருத்தி பாடுகிறாள். கூட்டத்திலிருந்து ஒரு மனிதன் சாரத்தை மடித்துக் கட்டிக்கொண்டு வருகிறான். மேடைப் படியில் கால் வைக்கும் முன் குனிந்து, வலது கையால் படியைத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்கிறான். பிறகு ஏறி ஆடுகிறான், காசு கொடுக்கிறான், இறங்கிப் போகிறான். பதினேழு விநாடி.

வள்ளத்தில் ஏறும் முன் எங்கள் ஆட்கள் முன்முனையான அணியத்தைத் தொட்டுக் கண்ணில் ஒற்றுவதை நான் எத்தனை தரம் கரையில் நின்று பார்த்திருக்கிறேன். ஒன்பது வருடமாக எத்தனை ஆயிரம் பேர் அந்த மேடைகளில் ஏறியதைப் பார்த்துவிட்டேன். ஒருவனும் அதைச் செய்ததில்லை. ஸ்டூடியோ கணினியில் போட்டு நிறுத்தினேன், பெரிசாக்கினேன், வெளிச்சம் கூட்டினேன். மூக்கு என் கணவருடையது. தாழ்ந்த இடது தோள் அவருடையது. கொஞ்சம் உடம்பு வைத்திருந்தார், அவ்வளவுதான். முதலாளியிடம்கூடச் சொல்லாமல் பஸ் பிடித்து மயிலிட்டிக்கு ஓடினேன்.

மாமி போனை இரண்டு கையாலும் வாங்கி, கண்ணுக்குக் கிட்டப் பிடித்துப் பார்த்தார். "என்ரை பிள்ளை," என்றார். பிறகு எழும்பிச் சோறு கேட்டார். தமையன் வந்து பார்த்து, வாசலில் குந்தியிருந்து அழுதார். ஐயருக்குப் போன் எடுத்துத் தர்ப்பை வேண்டாம் என்றார்.

வீடியோவின் கீழே நான் எழுதினேன். எனக்குத் தெரிந்த இந்தோனேசிய மொழி பாட்டில் படித்தது. கடைக்குப் போய் அரைக் கிலோ சீனி கேட்க எனக்குத் தெரியாது. இதயம் எரிகிறது என்று பத்து விதமாகச் சொல்லத் தெரியும். ஆகவே, "என் உயிரே, மேடையில் ஆடும் அன்பே, உன் பயணம் எந்தக் கரையில் முடிந்தது, காயப்பட்ட நெஞ்சோடு காத்திருக்கிறேன், திரும்பி வா" என்று எழுதினேன். சிரிக்கிற முகங்களாக வந்து குவிந்தன. இது எந்தப் பாட்டு, பாடியது யார் என்று கேட்டார்கள். ஒருவன் அடுத்த அடியைத் தானே எழுதிச் சேர்த்தான். நான் ஒவ்வொருவருக்கும், இது பாட்டு இல்லை, இவர் என் கணவர் என்று பதில் எழுதினேன். அதற்கு இன்னும் சிரித்தார்கள்.

நாலாம் மாதம் ஒரு பெண்பிள்ளை பதில் போட்டாள். அக்கா, அவர் என் அப்பா என்று. கூடவே அவருடைய குரலையும் பதிந்து அனுப்பியிருந்தாள். ஸ்டூடியோக் கதவைச் சாத்திவிட்டுக் கேட்டேன். தடக்கித் தடக்கி, தேடித் தேடி எடுத்த தமிழ்.

"அம்மா, நான் தமிழ் ஆள்தான். நான் இங்கே மேடான்ல பொறந்தது. என் அப்பா, தாத்தா எல்லாம் இங்கே பொறந்தது. உங்க ஆள் நான் இல்ல, அம்மா. மன்னிச்சிக்கோங்க. சாமிகிட்ட நான் கேக்கிறேன்."

அந்தக் காலத்தில் இந்தியாவிலிருந்து தோட்டத்துக்குக் கூலியாகக் கொண்டுபோகப்பட்டவர்களின் சந்ததி சுமத்ராவின் மேடான் நகரில் நிறைய இருக்கிறதாம். எத்தனை படம் பார்த்தேன், எத்தனை பாட்டுக் கேட்டேன், இது எனக்குத் தெரியாது. ஏறுகிற இடத்தைத் தொட்டுக் கும்பிடுவது எங்கள் கரைக்கு மட்டும் உரியது என்று நினைத்திருந்தேன். மயிலிட்டியை விட்டால் உலகத்தில் தமிழன் இல்லை என்ற நினைப்பு. அந்தப் பிள்ளை தகப்பனின் அடையாள அட்டையையும் சின்ன வயதுப் படத்தையும்கூட அனுப்பியிருந்தாள். நல்ல பிள்ளை. நான் ஒரு நன்றிகூட எழுதவில்லை.

அன்றைக்குத்தான் எனக்கு அவர் செத்தார். ஒன்பது வருடத்துக்கு முன் எங்கேயோ ஒரு தண்ணீரில் செத்தவர், அன்றைக்குப் பின்னேரம் மூன்றரை மணிக்கு ஸ்டூடியோவில் என் மடியில் செத்தார். கழிவறைக்குள் போய்த் தண்ணீரைத் திறந்துவிட்டு அழுதேன். பிறகு முகம் கழுவி, ஒரு சாமத்தியவீட்டு வீடியோவின் மிச்சத்தை வெட்டி முடித்தேன்.

வீட்டுக்குப் போனால் மாமி விளக்கேற்றிவிட்டு, "அவனைப் போடு பிள்ளை," என்று காத்திருந்தார். ஒவ்வொரு பின்னேரமும் அதுதான் வழக்கமாகியிருந்தது. சாமிப் படத்தைப் பார்த்துவிட்டு அந்தப் பதினேழு விநாடியைப் பார்ப்பார். சொல்லத்தான் வாயைத் திறந்தேன். ஆனால் வீடியோவைப் போட்டுவிட்டேன்.

"காசைப் பார் எறியிற எறியை. உழைக்கிறான் போலை," என்று சிரித்தார்.

இன்றைக்குச் சொல்வோம், நாளைக்குச் சொல்வோம் என்று ஒரு வருடம் போயிற்று. ஏன் போன் எடுக்கிறான் இல்லை என்று கேட்டால், அவரிடம் பேப்பர் இல்லை, எடுத்தால் பிடித்துவிடுவார்கள் என்றேன். என்ன எழுதினான் என்று கேட்டால், சுகமாம் என்றேன். பொய்க்குக் கை கால் முளைக்க நானே தினமும் சோறூட்டினேன். நான் கோழை. மாமி சாப்பிடுகிறாரே என்பதற்காகச் செய்தேன் என்று சொல்லிக்கொண்டேன். அந்த வீட்டில் அந்தப் பின்னேரங்களில் என் கணவர் இன்னும் கொஞ்சம் உயிரோடு இருந்தார் என்பதுதான் உண்மை. எனக்கும் அது தேவைப்பட்டது.

வீடியோ ஊருக்குள் போகாமல் இருக்குமா? வெறும் வாயை மென்றவர்களுக்கு அவல் கிடைத்தது. மினுங்கல் உடுப்போடு பாடினவள்தான் அவனுடைய பெண்சாதி என்று முடிவு கட்டினார்கள். சந்தையில் ஒருத்தி என் காதில் விழவே சொன்னாள், "உவன் அங்கை ஆட்டக்காரியோடை குடும்பமாம். இவள் பொட்டும் வைச்சுக்கொண்டு இஞ்சை காத்திருக்கிறாள்." மாமி முதலில் சண்டைக்குப் போனார். மெல்ல மெல்ல அவருக்கும் அது ஊறிவிட்டது. கடைசி மாதங்களில் என்னைத்தான் நோகத் தொடங்கினார்.

"நீ போனிலை என்ன சொன்னனியோ. கடைசி நாளும் அவனோடை ஏறி விழுந்தனியாம். அதுதான் பிள்ளை வரமாட்டன் எண்டு நிக்கிறான்."

கடைசி நாளின் கோபத்தை அவருக்குச் சொன்னதும் நான்தான். பாத்திரத்தைக் கழுவி அடுக்கினேன்.

மாமி ஒரு வியாழக்கிழமை விடியற்காலை போய்ச் சேர்ந்தார். தாய்க்குக் கொள்ளி வைப்பது இளைய மகன். அது என் கணவர். இப்போது எங்கள் ஊர்ச் செத்தவீடுகளில் ஒரு முறை வந்துவிட்டது. பாதிப் பிள்ளைகள் வெளிநாட்டில் என்பதால், பெட்டிக்கு நேரே கமரா வைத்து நேரலை விடுவோம். வர முடியாத மகனை வீடியோ அழைப்பில் எடுத்து, போனைத் தாயின் முகத்துக்கு நேரே பிடிப்போம். அந்தப் பிள்ளை கத்துகிற சத்தம் பந்தலெல்லாம் கேட்கும். எத்தனை பேருக்கு நானே பிடித்திருக்கிறேன். மாமிக்கு முதலாளியே வந்து கமரா வைத்தார்.

கிரியை நடந்துகொண்டிருந்தபோது கனடாவிலிருந்து நேரலையில் எழுதினார்கள்: சின்னவனை லைனில் எடுங்கோ. லண்டனிலிருந்தும் எழுதினார்கள். முதலாளி அதைத் தமையனிடம் வாசித்துச் சொன்னார். தமையன் ஈர வேட்டியோடு என் முன்னால் வந்து நின்றார்.

"பிள்ளை, எடு அவனை. பேப்பர் இல்லாட்டிப் பரவாயில்லை. பெத்தவளின்ரை முகத்தை ஒருக்காப் பாக்கட்டும்."

பந்தலில் எல்லாரும் என்னைப் பார்த்தார்கள்.

"அது அவரில்லை," என்றேன். "அது வேறை ஆள். எனக்கு ஒரு வருசமாத் தெரியும். அவர் இல்லை. அவர் அப்பவே போயிட்டார்."

போனை எடுத்து அந்தக் குரலைப் போட்டேன். நான் தமிழ் ஆள்தான், உங்க ஆள் நான் இல்ல என்று மேடான்காரர் பேசினார். பிள்ளை அனுப்பிய படங்களைக் காட்டினேன். தமையன் போனைக் காதில் வைத்து மூன்று தரம் கேட்டார். அவர் முகம் இறுகிப்போனது.

"தம்பியின்ரை குரல்தான்," என்றார். "தமிழை மாத்திக் கதைக்கிறான். எனக்குத் தெரியாதே? நானும் அவனும் ஒரு பாயிலை படுத்து வளந்தனாங்கள்."

"இல்லை, கடவுளாணை இல்லை. அந்தப் பிள்ளையைக் கேளுங்கோ."

"பிள்ளையும் பெத்திட்டானே," என்றாள் பின்னாலிருந்து ஒருத்தி. இன்னொருத்தி வந்து என் தலையைத் தன் தோளில் சாய்த்தாள். "விடு பிள்ளை. உப்பிடிப்பட்டவனைச் செத்தான் எண்டு நினைக்கிறதுதான் உனக்கும் நல்லது," என்றாள். எல்லாருடைய கண்ணிலும் எனக்காக இரக்கம். பொய் சொன்னபோது ஒரு கேள்வி கேட்காமல் நம்பியவர்கள், உண்மையைச் சொன்னபோது என்னைத் தேற்றினார்கள். கொள்ளியைத் தமையனே வைத்தார்.

முப்பத்தோராம் நாள் கீரிமலைக்குப் போனோம். மாமிக்குரியதெல்லாம் முடிந்து, தமையன் கேணியில் முழுகிப் படியேறி வந்தார். அவரை விட்டால் என் கணவருக்குக் கிரியை செய்ய உரிமையுள்ள ஆண்பிள்ளை இல்லை. ஒரு மாதமாக மனதுக்குள் சொல்லிச் சொல்லிப் பார்த்ததை அவரிடம் கேட்டேன்.

"அவருக்கும் செய்யுங்கோ. உருவம் வேண்டாம், ஒண்டும் வேண்டாம். ஒருபிடி எள்ளுந் தண்ணியும் விடுங்கோ. அவ்வளவு காணும்."

அவர் துவாயால் தலையைத் துடைப்பதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். கோபப்படுவார் என்று நினைத்தேன். அவருக்குக் கோபம் வரவில்லை.

"பிள்ளை, அவனிலை உனக்கு இருக்கிற ஆத்திரம் எனக்கு விளங்குது. அம்மாவின்ரை செத்தவீட்டுக்கு முகம் காட்டாதவன்தான். ஆனா உயிரோடை திரியிறவனுக்கு என்ரை கையாலை எள்ளு விடமாட்டன். என்ன கெட்டவனெண்டாலும் என்ரை தம்பி. இப்பவும் உதிலை அவனுக்காகத்தான் கும்பிட்டிட்டு வாறன், எங்கையெண்டாலும் நல்லாயிருக்கட்டும் எண்டு."

சொல்லும்போது அவர் முகத்தில் ஒரு நிம்மதி இருந்தது. தம்பியைக் கடலுக்குக் கொடுத்த முகம் இல்லை அது. அந்த நிம்மதியை அவருக்குக் கொடுத்தவள் நான். உறவுக்காரப் பெண் ஒருத்தி கோயிலிலிருந்து குங்குமத்தோடு வந்து, நீ சுமங்கலி, முதலில் நீ எடு என்று என்னிடம் நீட்டினாள். எடுத்து நெற்றியில் வைத்துக்கொண்டேன். என் கணவரைச் சாகவிட இனி ஒருவரும் இல்லை.